கொலைகாரனுக்கு என் குரல்

என் வாயில் ஒரு நாளைக்கு நாலைந்து கொலையாவது விழும். காலையில் எழும்பாத மகனிடம், "எழும்புறியோ, இல்லை கொதிதண்ணியைக் கொண்டுவந்து ஊத்தட்டோ?" பாலைப் பொங்க விட்டால், "கையை முறிச்சு அடுப்புக்குள்ளை வைப்பன்." பொய் சொன்னால், "நாக்கை அறுத்து உப்புப் போடுவன்." பெரிய குற்றம் என்றால் தோலை உரித்துக் கொடியில் காயப்போடுவேன். யாழ்ப்பாணத்தில் நான் வளர்ந்த வீட்டில் இந்தப் பேச்சு சோறு கறி மாதிரி அன்றாடம் இருந்தது. அங்கே ஒருவர் தோலை ஒருவர் உரித்து நான் காணவில்லை. அடி மட்டும் விழுந்தது. அதை யாரும் பெரிதாக எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

நாங்கள் ஜேர்மனிக்கு வந்து, எசன் நகரத்தில் மகன் முதலாம் வகுப்புக்குப் போன வருடம், வீட்டில் அம்மா எப்படி என்று ஆசிரியை கேட்டிருக்கிறார். இவன் என் வசனம் ஒன்றை எடுத்துப் பிழையில்லாத ஜேர்மன் மொழியில் சொல்லிவிட்டான்: நான் சாப்பிடாவிட்டால் அம்மா என் கண்ணைத் தோண்டிக் காகத்துக்குப் போடுவார். அடுத்த கிழமையே எனக்கு டெர்மின் வந்தது, நாளும் நேரமும் குறித்து நேரில் வரச்சொல்லி. மேசைக்கு அந்தப் பக்கம் ஆசிரியையும் முகத்தில் சிரிப்பே இல்லாத ஒரு அதிகாரியும். இந்தப் பக்கம் நானும் என் ஆறு வயது மொழிபெயர்ப்பாளனும். எனக்கு அப்போது அந்த மொழியில் காலை வணக்கமும் நன்றியும்தான் தெரியும்.

"அம்மா, எந்தக் காகம் எண்டு கேக்கினம்," என்றான்.

எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. நான் சிரித்தேன், அவனும் சிரித்தான், அவர்கள் இரண்டு பேரும் எழுதினார்கள். "அது எங்கடை பாசையிலை செல்லம் எண்டு சொல்லு," என்றேன். அவன் ஏதோ சொன்னான். என்ன சொன்னான் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது, ஆனால் எங்களை விட்டுவிட்டார்கள். அன்றிலிருந்து அரச அலுவலகம், வைத்தியர், வீட்டுச் சொந்தக்காரர் என்று எல்லா இடத்திலும் எனக்காகப் பேசியவன் அவன்தான்.

அவனுக்கு எட்டு வயதில் தகப்பன் மாரடைப்பில் போய்விட்டார். நான் இறைச்சி வெட்டும் ஆலையில் வேலைக்குச் சேர்ந்தேன். வெள்ளிக்கிழமையில் மச்ச மாமிசம் தொடாத நான், ஓடும் பட்டியில் வரும் பன்றித் தோள்களில் கொழுப்பைச் சீவிக்கொண்டு நின்றேன். இடக்கையில் இரும்பு வலைக் கையுறை, வலக்கையில் மெல்லிய கத்தி. பட்டி யாருக்காகவும் நிற்காது. ஒரு நொடி பிந்தினால் அடுத்த தோள் வந்து கையில் இடிக்கும். எட்டு மணித்தியாலம் குளிருக்குள் நின்று வெட்டிவிட்டு வீட்டுக்கு வரும்போது, விரல்கள் கத்தியைப் பிடித்தபடியே மடிந்திருக்கும். சாப்பாட்டு மேசையில் வைத்து ஒவ்வொன்றாக நிமிர்த்துவேன். நான் அடித்ததற்கு இதை ஒரு சாட்டாகச் சொல்லவில்லை. அந்தப் பட்டியில் என்னோடு நின்ற எல்லாப் பெண்களும் பிள்ளைகளை அடிக்கவில்லை.

பதின்மூன்று வயதில் அவன் நகர நூலகத்திலிருந்து ஒரு பிரெஞ்சுப் படத்தின் டிவிடியைக் கொண்டுவந்தான். ஜேர்மன் மொழியில் குரல் கொடுத்திருந்தார்கள். ஒரு சனிக்கிழமை பின்னேரம், நான் உடுப்பு அயன் பண்ணிக்கொண்டிருக்க அவன் அதைப் போட்டான். கடற்கரையில் ஒரு விடுதி. தேனீ வளர்ப்பவர்கள் போடும் வலைத் தொப்பியோடு ஒருவன் வருகிறான். வாய் திறந்து ஒரு சொல் பேசமாட்டான், மூச்சு மட்டும் பெரிதாக விடுவான். விடுதியில் உள்ளவர்களைத் துரத்தித் துரத்திக் கொல்கிறான். ஒருத்தரின் கழுத்தில் சீஸ் வெட்டும் கம்பி. ஒருத்தியின் மண்டையில் முழுப் பன்றித் தொடை. சமையற்காரனின் முகம் வாஃபிள் சுடும் அச்சுக்குள். தலை துண்டாகி விழுந்த ஒரு மனிதன் தரையில் கிடந்தபடி, சூப் ஆறிப்போய்விட்டது என்று முறையிடுகிறான். இரத்தம் கூரை வரைக்கும் பாய்கிறது.

வெருட்டும் படங்களைப் பார்த்து எனக்குப் பழக்கமில்லை. ஆகவே அந்தப் படம் எதை நக்கலடிக்கிறது என்று எனக்கு எப்படி விளங்கும்? உண்மையாகவே பயந்தேன். வாஃபிள் அச்சு மூடியபோது செருப்பைக் கழற்றித் தொலைக்காட்சிக்கு எறிந்தேன். "குறுக்காலை போவான்! அந்த மனிசனை விடடா!" மகன் நிலத்தில் விழுந்து உருண்டு சிரித்தான்.

"அம்மா, இது பகிடிப் படம். வெருட்டுற படங்களைப் பாத்து நக்கலடிக்கிறாங்கள். இரத்தம் எங்கையிருந்து வருது எண்டு வடிவாப் பாருங்கோ. குழாய் தெரியுது."

பார்த்தேன். குழாய் தெரிந்தது. அதோடு எனக்கு வாய் திறந்துவிட்டது. "இது என்னடா இரத்தம், ஜாம் மாதிரி. இவ்வளவு நேரத்துக்கு அது மண்ணிறமாய்ப் போயிருக்கோணும். சீஸ் கம்பியாலை எலும்பு அறாது, மூட்டுப் பாத்துக் கத்தி விடோணும். அந்தத் தொடையைத் தூக்குறான் பார், அது வெறும் பஞ்சு. உண்மைத் தொடை எண்டால் இடுப்புப் பிடிச்சிருக்கும்." அவன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, போதும் அம்மா, போதும் என்று கெஞ்சினான். நான் பேசி ஒருவர் இவ்வளவு சிரித்தது அதற்கு முதல் நடக்கவில்லை.

படத்தின் முடிவில்தான் அந்தக் கொலைகாரன் ஏன் துரத்தினான் என்று தெரியவரும். அவன் போன வருடம் அதே விடுதியில் தங்கியவன். அறைச் சாவியை மறந்துபோய்க் கொண்டு போய்விட்டான். அதைத் திருப்பிக் கொடுக்கத்தான் வந்திருக்கிறான். ஒவ்வொருவரிடமும் கிட்டப் போகும்போது ஏதோ தடக்கி, ஏதோ சரிந்து, அந்த ஆள் செத்துப்போகிறார். எல்லோரும் முடிந்த பிறகு வரவேற்பு மேசையில் சாவியை வைத்து மணியை அடிக்கிறான். ஒருவரும் வரவில்லை. வலைத் தொப்பிக்குள் முகத்தை மூடிக்கொண்டு அழுகிறான். அந்த இடத்தில் எனக்கு ஒவ்வொரு முறையும் பாவமாக இருக்கும். "பாவி, நல்லது செய்யத்தான் வந்தவன்," என்பேன்.

ஒவ்வொரு முறையும் என்றால், மூன்று வருடம், பெரும்பாலும் எல்லாச் சனிக்கிழமையும். நூலகத்துக்கு அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, பழைய சாமான் சந்தையில் எங்களுக்கென்று ஒன்று வாங்கினோம். ஒரு கட்டத்தில் மகன் சத்தத்தைக் குறைத்துவிட்டு, "அம்மா, இப்ப அவன் என்ன சொல்லுறான்?" என்று கேட்கத் தொடங்கினான். பேசாத கொலைகாரனுக்கு நான் பேசினேன். அயன்பெட்டியை நிறுத்தாமலே, "நில்லடா, உன்ரை குடலை உருவி மாலையாய்ப் போடுவன்," என்பேன். திரையில் அவன் மூச்சு விட்டுக்கொண்டு ஓடுவான். என் வசனம் அவனுக்கு அளவெடுத்துத் தைத்ததுபோல் பொருந்தும்.

"இப்பிடிப் படத்துக்குத் தமிழிலை என்ன சொல்லுறது?" என்று ஒருநாள் கேட்டான்.

"பகிடிவதை," என்றேன். ஊரில் பல்கலைக்கழகத்துக்குப் புதிதாக வரும் பிள்ளைகளை மூத்தவர்கள் படுத்தும் பாட்டுக்கு அந்தப் பெயர். பகிடி என்று சொல்லிக்கொண்டு செய்யும் வதை. அவன் அந்தச் சொல்லை இரண்டு மூன்று தரம் சொல்லிப் பார்த்தான்.

அவனுக்குப் பதினாறு வயதானபோது பாடசாலையிலிருந்து ஒரு கடிதம் வந்தது. விளையாட்டுப் போட்டி, பெற்றோர் எல்லாரும் வரட்டாம் என்று அவன் வாசித்துச் சொன்னான். எனக்கு ஆசையாக இருந்தது. அந்த நாளுக்கு லீவு கேட்க, கடிதத்தை ஆலைக்குக் கொண்டுபோய் மேற்பார்வையாளரிடம் நீட்டினேன். அவர் அதைப் படித்துவிட்டு, பட்டியில் நின்ற எல்லோருக்கும் கேட்கும்படி எனக்கு மெதுவாக, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார். உன் மகன் ஐந்து கிழமையாகப் பாடசாலைக்குப் போகவில்லை. இது மூன்றாவது கடிதம். விளையாட்டுப் போட்டி என்று எதுவும் இல்லை. யாரோ சிரித்தார்கள்.

அன்றைக்கு வேலை முடியும்வரை நான் எத்தனை தோளைச் சீவினேனோ, அத்தனை தரமும் அவனைத்தான் சீவினேன். எனக்காகப் பேசுகிறவன் எனக்கே பொய் சொல்லியிருந்தான். வீட்டுக் கதவைத் திறந்தபோது அவன் என் முகத்தைப் பார்த்தான். குளியலறைக்குள் ஓடித் தாழ்ப்பாளைப் போட்டான்.

கதவைக் கையால் அடித்தேன், காலால் உதைத்தேன். என்னிடம் இருந்த கொலை எல்லாவற்றையும் அந்தக் கதவுக்குச் சொன்னேன். உள்ளே சத்தமே இல்லை. பிறகு நான் குரலை இறக்கினேன்.

"கதவைத் திற. அம்மா ஒண்டும் செய்யமாட்டன்."

தாழ்ப்பாளில் கை படும் சத்தம் கேட்டது. பிறகு, "உண்மையாவோ?" என்று கேட்டான்.

"உண்மையாய்," என்றேன்.

குரலை இறக்குவதற்கு முதலே நான் அலுமாரியிலிருந்து மர உடுப்புமாட்டியை எடுத்து முதுகுக்குப் பின்னால் பிடித்திருந்தேன். அதைத்தான் நான் மறைக்காமல் சொல்லவேண்டும். ஆத்திரத்தில் கை நீண்டுவிட்டது என்று ஆட்கள் சொல்வார்கள். என் கை நீளவில்லை, காத்துக்கொண்டு நின்றது. தாழ்ப்பாள் விலகிய சத்தம் கேட்டதும் அடித்தேன். அவன் தலையை மறைக்கக் கையைத் தூக்கினான், கையில் அடித்தேன். குந்திக்கொண்டான், முதுகில் அடித்தேன். உடுப்புமாட்டி உடைந்தது. கையில் மிஞ்சிய துண்டால் அடித்தேன், பட்டியில் வெட்டும் அதே வேகத்தில், நிறுத்தாமல். அவன் கத்தவில்லை. அதுதான் எனக்கு இன்னும் ஆத்திரத்தைக் கிளப்பியது. வெள்ளைத் தரையில் இரத்தத்தைக் கண்டபோதுதான் நின்றேன். அது ஜாம் மாதிரி இல்லை.

இடது கைச் சின்னவிரல் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு நின்றது. பேருந்தில் ஏறி வைத்தியசாலைக்குப் போனோம். எப்படி நடந்தது என்று வைத்தியர் கேட்டார். அவன் ஜேர்மன் மொழியில் ஏதோ சொன்னான். வைத்தியர் அவனை விட்டுவிட்டு என்னைப் பார்த்துக் கேட்டார். மகன் என் பக்கம் திரும்பி, எப்போதும்போல மொழிபெயர்த்தான்.

"அம்மா, நான் சைக்கிளாலை விழுந்தனானோ எண்டு கேக்கிறார்."

எங்கள் வீட்டில் சைக்கிளே இல்லை. நான், "ஓம்," என்றேன். அதற்கு மொழிபெயர்ப்புத் தேவைப்படவில்லை, தலையை ஆட்டியது போதுமாக இருந்தது.

அதற்குப் பிறகு அந்தப் படத்தை நாங்கள் போடவில்லை. அவன் பாடசாலைக்குப் போனான், முடித்தான், ஒலிப்பதிவு படிக்க பீலெஃபெல்ட் நகரத்தில் அவுஸ்பில்டுங், அதாவது வேலையோடு படிக்கும் தொழிற்பயிற்சி, கிடைத்தது. பத்தொன்பது வயதில் இரண்டு பெட்டியோடு வெளிக்கிட்டபோது வீட்டுச் சாவியைச் சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டுப் போனான். மறந்துவிட்டான் என்று நினைத்தேன். அவன் மறக்கவில்லை. ஆறு வருடம் அந்த வீட்டு வாசலை மிதிக்கவில்லை. பொங்கலுக்கும் என் பிறந்தநாளுக்கும் கைபேசியில் ஒரு வரி வரும்.

நான் எழுதப் பஞ்சிப்படும் சோம்பேறி. குரலாய்ப் பதிந்து அனுப்புவேன். "ஏனடா எடுக்கிறாய் இல்லை? ஆரெண்டு நினைச்சுக்கொண்டிருக்கிறாய்? கண்டால் காலை முறிப்பன்." "குளிருக்குத் தொப்பி போடாமல் திரிஞ்சாயெண்டால் மண்டையைப் பிளப்பன்." "சாப்பிட்டியோ? பொய் சொன்னால் நாக்கை அறுப்பன்." ஒரு முறை புறப்பட்டு பீலெஃபெல்டுக்கே போனேன். அவனுடைய தொடர்மாடி வாசலில் நின்று மணியை அடித்தேன். மேலே யன்னலில் வெளிச்சம் இருந்தது. கைபேசியை எடுத்து, "கீழை வாசலிலைதான் நிக்கிறன். கதவைத் திற. அம்மா ஒண்டும் செய்யமாட்டன்," என்று பதிந்து அனுப்பினேன். கால் வலிக்கும் வரை நின்றுவிட்டுத் திரும்பி வந்தேன். மூன்று ரொட்டி சுட்டுக் கொண்டுபோனவளுக்கு இப்படியா என்று ரயிலில் முழுவதும் அவனைத் திட்டிக்கொண்டு வந்தேன். நான் என்ன வசனம் அனுப்பினேன் என்று எனக்கு உறைக்கவே இல்லை.

இந்த வருடம் சித்திரையில் ஒரு படம் அனுப்பினான். ஒரு சின்னத் திரையரங்கின் சுவரொட்டி. தேனீக்காரன் தொப்பி போட்ட எங்கள் கொலைகாரன் நிற்கிறான், அவனுக்கு மேலே தமிழ் எழுத்தில் பெரிதாக 'பகிடிவதை' என்று இருக்கிறது. கீழே மகன் எழுதியிருந்தான்: "நான் தமிழிலை குரல் போட்டிருக்கிறன். ஞாயிறு மூண்டு மணி. ஏலுமெண்டால் வாங்கோ."

ஏலுமோ இல்லையோ, ஆறு வருடத்தில் முதல் தரம் வாங்கோ என்று சொல்லியிருக்கிறான். நல்ல சேலை கட்டினேன். மேசையின் இழுப்பு லாச்சியிலிருந்து அவனுடைய சாவியை எடுத்துக் கைப்பைக்குள் போட்டேன். இன்றைக்கு இதை அவன் கையில் கொடுத்துவிடவேண்டும், அவன் வாங்கிவிட்டால் வீட்டுக்கு வருவான் என்று கணக்குப் போட்டேன். ரயில் ஹாம் நகரத்தில் நின்றபோது, ஊன்ட்றொப் அம்மன் கோயிலுக்குப் போகும் சனம் அருச்சனைப் பைகளோடு இறங்கியது. இருந்த இடத்திலிருந்தே அம்மாளாச்சியைக் கும்பிட்டேன்.

திரையரங்கின் வாசலில் நின்றான். இருபத்தைந்து வயது, தாடி, என்னைவிட இரண்டு தலை உயரம். அவன் சட்டைக் கொலரில் ஒரு நூல் தொங்கியது. எடுத்துவிடலாம் என்று கையைத் தூக்கினேன். அவன் தோள் மேலே ஏறியது, தலை ஒரு பக்கம் சரிந்தது, இடது கை முகத்துக்கு முன்னால் வந்துவிட்டது. ஒரு நொடிதான். பிறகு தாடியைச் சொறிவதுபோல அந்தக் கையை இறக்கினான். நான் நூலை எடுக்கவில்லை. உள்ளே போய் மூன்றாவது வரிசையில் இருந்தேன்.

மண்டபத்தில் நாற்பது பேர் வரை இருந்தார்கள், எல்லோரும் ஜேர்மன் இளம் பிள்ளைகள். படம் தொடங்கியது. தேனீக்காரன் வந்தான், மூச்சு விட்டான், வலைத் தொப்பிக்குள்ளிருந்து பேசினான். வந்தது என் குரல்.

என்னைப்போலப் பேசிக் காட்டிய குரல் அல்ல, என்னுடையதே. ஆறு வருடமாக நான் அனுப்பியதை எல்லாம் ஒன்று விடாமல் வைத்திருந்திருக்கிறான். "ஆரெண்டு நினைச்சுக்கொண்டிருக்கிறாய்? கண்டால் காலை முறிப்பன்!" என்று நான் கத்த, திரையில் தேனீக்காரன் சீஸ் கம்பியோடு ஓடினான். கீழே ஜேர்மன் எழுத்தில் அதே வசனம் பிசகாமல் ஓடியது. சனம் விழுந்து விழுந்து சிரித்தது. பன்றித் தொடை ஒருத்தியின் மண்டையில் இறங்கும்போது, "குளிருக்குத் தொப்பி போடாமல் திரிஞ்சாயெண்டால் மண்டையைப் பிளப்பன்." ஒரு பெட்டை கதிரையிலிருந்து சறுக்கி விழுந்தாள். எனக்கும் சிரிப்பு வந்தது. வெட்கமாக இருந்தது, பெருமையாகவும் இருந்தது. இவன் என்னைத் தூக்கி எறியவில்லை, சேர்த்து வைத்திருக்கிறான் என்று நினைத்தேன்.

பிறகு அந்தக் குளியலறைக் காட்சி வந்தது. விடுதியில் தங்கிய ஒரு கிழவி பயந்து குளியலறைக்குள் ஓடிப் பூட்டிக்கொள்வாள். தேனீக்காரன் சாவியைக் கையில் பிடித்துக்கொண்டு வெளியே நிற்பான். எத்தனையோ தரம் பார்த்துச் சிரித்த காட்சி. இப்போது அவன் கதவுக்குக் கிட்டக் குனிந்தான். என் குரல் மெதுவாக, அன்பாக வந்தது.

"கதவைத் திற. அம்மா ஒண்டும் செய்யமாட்டன்."

கீழே ஜேர்மன் எழுத்தில் வேறு ஒன்று ஓடியது. இத்தனை வருடத்தில் நான் வாசிக்கப் பழகியிருந்தேன். *ஓம், அவன் சைக்கிளால் விழுந்துவிட்டான்.*

சம்பந்தமே இல்லாத அந்த வசனத்துக்கு மண்டபம் வெடித்துச் சிரித்தது. கிழவி தாழ்ப்பாளை விலக்கினாள். அந்தச் சத்தம் கேட்டபோது நான் கண்ணை மூடிக்கொண்டேன். அங்கே இருந்த நாற்பது பேரில் காதால் ஒன்றும் கண்ணால் ஒன்றும் விளங்கியது எனக்கு மட்டும்தான். எனக்காகத்தான் அதை அப்படி வைத்திருந்தான். மீதிப் படத்தை நான் பார்க்கவில்லை. என் குரல் கொன்றுகொண்டே போனது, சனம் சிரித்துக்கொண்டே இருந்தது, நான் கைப்பையை மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தேன். உள்ளே சாவி இருந்தது. அப்போதுதான் எனக்குத் தெரிந்தது, நானும் ஒரு சாவியைத் தூக்கிக்கொண்டுதான் இவனுக்குப் பின்னால் வந்திருக்கிறேன். நல்லது செய்யத்தான் வந்தவன் என்று இனி எந்த வாயால் சொல்வேன்?

வெளிச்சம் போட்டார்கள். மகன் முன்னால் போய் மைக்கைப் பிடித்தான். வளைந்த சின்னவிரல் மட்டும் மைக்கில் படாமல் வெளியே நின்றது. சறுக்கி விழுந்த பெட்டைதான் முதலில் கேட்டாள், அந்தச் சைக்கிள் எதற்கு?

"அது எங்கள் வீட்டுப் பகிடி," என்றான் மகன்.

நான் எழும்பிவிட்டேன். எழும்பவேண்டும் என்று நினைத்து எழும்பவில்லை. "இல்லை," என்றேன் ஜேர்மன் மொழியில். "பகிடி இல்லை."

குரலைக் கேட்டதும் முழு மண்டபமும் திரும்பியது. கொலைகாரனின் குரலை அவர்களுக்கு அடையாளம் தெரிந்துவிட்டது. யாரோ கை தட்டினார்கள். என்னுடைய ஜேர்மன் மொழி ஆலையில் பழகியது, பெட்டியும் கத்தியும் நேரமும் சொல்லத்தான் உதவும். அதை வைத்துக்கொண்டு சொன்னேன்.

"அவன் சைக்கிளால் விழவில்லை. வீட்டில் சைக்கிள் இல்லை. நான்... நான் அவனை கெஷ்லாக்டெட்."

மண்டபம் இடிந்து விழுமாற்போல் சிரித்தது. அடித்தேன் என்பதற்கு அங்கே 'கெஷ்லாகன்' என்று ஒரு சொல் உண்டு. நான் சொன்னது வேறு. இறைச்சிப் பெட்டிகளில் ஒட்டும் சீட்டில், எந்த நாட்டில் வெட்டியது என்று போடுவார்களே, அந்தச் சொல். ஒரு நாளைக்கு ஆயிரம் தரம் கண்ணில் படுவது. அவனை வெட்டி இறைச்சியாக்கினேன் என்று, அவர்கள் இரண்டு மணித்தியாலமாகக் கேட்ட அதே குரலில் சொல்லிவிட்டேன். இதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்துச் சனம் எழும்பி நின்று கை தட்டியது. எனக்குக் காது எரிந்தது. எங்கே பிழைவிட்டேன் என்று தெரியாமல் மகனைப் பார்த்தேன்.

அவன் சிரிக்கவில்லை. மைக்கை வாய்க்குக் கிட்டக் கொண்டுபோனான். சிரிப்பு அடங்கும்வரை பொறுத்து நின்றான். பிறகு, அலுவலகங்களில் எனக்காகப் பேசும் அந்தப் பழைய நிதானமான குரலில் சொன்னான்.

"அம்மா சொல்கிறார், என்னை அடித்தாராம். பதினாறு வயதில். விரல் உடைந்தது. சைக்கிள் என்று நான் சொன்னேன், அவரும் ஓம் என்றார்."

கை தட்டியவர்கள் தட்டிய கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றார்கள். பிறகு ஒவ்வொருவராகக் கதிரையில் இருந்தார்கள். நானும் அவனும் மட்டும் நின்றுகொண்டிருந்தோம்.

"சரியாச் சொன்னியோ?" என்று தமிழில் கேட்டேன்.

"ஓம் அம்மா. இந்த முறை சரியாச் சொன்னனான்."

வெளியே வெயில் இருந்தது. பேருந்துத் தரிப்பிடம் வரை கூட வந்தான். நான் மன்னிப்புக் கேட்டேன். அந்தச் சொல் எங்கள் வீட்டில் புழங்காத சொல், புத்தகத்தில் இருந்து எடுத்ததுபோல வந்தது. அவன், "ம்," என்றான். வேறு ஒன்றை நானும் எதிர்பார்க்கவில்லை. கைப்பையிலிருந்து சாவியை எடுத்தேன். அவன் கைக்கு நீட்டாமல், தரிப்பிட இருக்கையில் வைத்துவிட்டு இரண்டடி தள்ளி நின்றேன்.

அவன் அதைப் பார்த்தான். "சாவி வேண்டாம் அம்மா. நீங்களே வைச்சிருங்கோ. நான் வந்தால் பெல் அடிக்கிறன், நீங்கள் உள்ளுக்கை இருந்து திறவுங்கோ."

அடுத்த ஞாயிறு பதினொரு மணிக்கு மணி அடித்தது. கத்தரிக்காய்க் குழம்பு அடுப்பில் கிடந்தது. ஓடிப்போனேன், தாழ்ப்பாளில் கை வைத்தேன், கை அங்கேயே நின்றுவிட்டது. எனக்குப் பயம் வந்தது. ஒன்பது வருடத்தையும் கையில் வைத்துக்கொண்டு வெளியே ஒருவன் நிற்கிறான். உள்ளே வந்து எதைச் சொல்வான், எதைக் கேட்பான், நான் எதைத் தாங்குவேன்? பூட்டிய கதவுக்கு உள்ளே நிற்பது எப்படி இருக்கும் என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரியவந்தது.

"அம்மா," என்றான் வெளியிலிருந்து. "கதவைத் திறவுங்கோ. நான் ஒண்டும் செய்யமாட்டன்."

பகிடிக்குத்தான் சொன்னான், குரலில் சிரிப்பு இருந்தது.

"உண்மையாவோ?" என்று கேட்டேன்.

அவன் பதில் சொல்லவில்லை. நான் திறந்தேன்.